சீனாவை விட நம் நாட்டில் நெருக்கம் கூடவா? குடித்தொகைப் பரம்பல் பற்றி ஒரு கேள்வி

களுதாவளை_மாணவி எழுதியது:

எல்லோருக்கும் வணக்கம். உயர்தரத்தில் புவியியல் படிக்கிறேன். குடித்தொகைப் பரம்பல் பாடத்துக்கு சீனாவை வைத்து ஒரு கட்டுரை எழுதிப் பழகச் சொல்லியிருக்கிறார்கள். கணக்குப் போட்ட இடத்திலேயே நின்றுவிட்டேன்.

சீனாவின் 2020 தொகைமதிப்பில் 141 கோடிப் பேர். பரப்பு ஏறக்குறைய 96 இலட்சம் சதுர கிலோமீற்றர். வகுத்தால் சதுர கிலோமீற்றருக்கு 147 பேர் வருகிறது. நம் இலங்கையில் 2024 தொகைமதிப்பின்படி 2 கோடி 17 இலட்சம் பேர், பரப்பு 65,610. வகுத்தால் 331. அப்படியென்றால் அவர்களை விட நாங்கள்தான் இரண்டு மடங்குக்கு மேல் நெருக்கமாக இருக்கிறோம். ஆனால் சீனா என்றாலே சனக்கூட்டம் என்றுதானே எல்லோரும் சொல்கிறார்கள்? இதை எப்படி விளக்கி எழுதுவது? தெரிந்தவர்கள் சொல்லித் தாருங்கள்.

வாவிக்கரை எழுதியது:

மகள், கணக்குச் சரி. அந்த 147 என்ற எண்ணை முதல் வரியில் எழுதிவிட்டு, இரண்டாம் வரியிலேயே அதைக் கைவிட வேண்டும். சீனாவில் அந்தச் சராசரிக்குப் பொருந்துகிற மாதிரிப் பரந்த நிலம் தேடினால் அதிகம் கிடைக்காது. ஒன்று அதைவிட ஐந்தாறு மடங்கு நெருக்கம், இல்லாவிட்டால் ஆளரவமே இல்லாத வெளி.

படவேலைக்கு வைத்திருக்கிற சீனப் படத்தை எடுங்கள். வடகிழக்கு மூலையில், ரஷ்ய எல்லையில் ஹெய்ஹ என்ற ஊர் இருக்கும். தென்மேற்கில், மியன்மார் பக்கம் தெங்சொங். இரண்டையும் அடிமட்டம் வைத்து ஒரு நேர்கோட்டால் இணையுங்கள். 1935 இல் ஹு ஹுவான்யொங் என்ற சீனப் புவியியலாளர் போட்ட கோடு இது. ஊர் ஊராகக் கிடைத்த சனத்தொகையைப் படத்தில் புள்ளி புள்ளியாகக் குத்தி, அந்தப் புள்ளிகள் எங்கே அடர்ந்து எங்கே ஐதாகின்றன என்று பார்த்துத்தான் அவர் இந்தக் கோட்டுக்கு வந்தார். கோட்டுக்குத் தென்கிழக்கே 36 வீத நிலத்தில் 96 வீதமானோர். வடமேற்கே 64 வீத நிலத்தில் வெறும் 4 வீதம். அந்தக் கணக்கில் மொங்கோலியாவும் சேர்ந்திருந்தது. இன்றைய எல்லைகளை வைத்துப் பார்த்தால் தென்கிழக்கே ஏறக்குறைய 43 வீத நிலம், 94 வீத மக்கள். இடையில் போர், பஞ்சம், புரட்சி, ஒரு பிள்ளைக் கொள்கை, பொருளாதாரப் பாய்ச்சல் எல்லாம் வந்து போய்விட்டன. கோடு அசையவில்லை.

காரணத்தைக் கட்டாயம் எழுதுங்கள். ஆண்டுக்கு 400 மில்லிமீற்றர் மழை என்ற எல்லை அந்தக் கோட்டுக்குப் பக்கத்தில்தான் ஓடுகிறது. பசுபிக் பக்கமிருந்து வருகிற கோடை மொன்சூன் அதற்கு அப்பால் வலுவிழந்து போகும். தென்கிழக்கே நெல்லும் கோதுமையும், வடமேற்கே புல்வெளியும் பாலைநிலமும், 4,000 மீற்றருக்கு மேல் நிற்கும் திபெத் மேட்டுநிலமும். பல நூற்றாண்டுகளாக எந்த மண் எத்தனை வாய்க்குச் சோறு போட்டதோ, அந்த அளவுக்கு அங்கே சனம் பெருகியது.

எடுத்துக்காட்டுக்கு எண்கள் வேண்டுமா? திபெத்தில் 12 இலட்சம் சதுர கிலோமீற்றரில் 36 இலட்சம் பேர், அதாவது சதுர கிலோமீற்றருக்கு மூன்று பேர். ஜியாங்சு மாகாணத்தில் ஏறக்குறைய 790. ஷாங்காயை நம் கையளவில் பார்ப்போம். மட்டக்களப்பு மாவட்டமும் அம்பாறை மாவட்டமும் சேர்ந்தால் 7,200 சதுர கிலோமீற்றருக்குக் கொஞ்சம் மேல். 2012 கணக்கில் இரண்டு மாவட்டத்திலும் சேர்த்து 12 இலட்சத்துக்குக் கிட்ட. ஷாங்காயின் பரப்பு இதைவிடக் குறைவு, 6,300 சொச்சம். அதற்குள்ளே 2 கோடி 48 இலட்சம் பேர்.

படுவான்_விவசாயி எழுதியது:

//எந்த மண் எத்தனை வாய்க்குச் சோறு போட்டதோ//

சேர், உங்களிடம் படித்தவர்களில் நானும் ஒருவன், மரியாதையோடு ஒன்று கேட்கிறேன். தண்ணீரும் வயலும் இருக்கிற இடத்தில் சனம் இருக்கும் என்றால் மட்டக்களப்பு வாவிக்கு மேற்கே இருக்கிற எங்கள் படுவான்கரை ஏன் இப்படி ஆளில்லாமல் கிடக்கிறது? உன்னிச்சைக் குளம் இந்தப் பக்கம், நவகிரிக் குளம் இந்தப் பக்கம். மாவட்டத்துக்குச் சோறு போடுவதே இந்தக் கரைதான். ஆனால் சனம் முழுக்க வாவிக்கு அந்தப் பக்கம், எழுவான்கரையில், கடலுக்கும் வாவிக்கும் நடுவில் இருக்கிற ஒடுங்கின மணல் துண்டில் நெருக்கியடித்துக் குடியிருக்கிறது. அங்கே நெல் விளைகிறதா?

எங்கள் பக்கத்துப் பெடியன்கள் உழவுக்கும் வெட்டுக்கும் வந்து நிற்பார்கள், மற்ற நாளில் டவுனில் இருப்பார்கள். பெரியாஸ்பத்திரி அங்கே, நல்ல ரியூசன் அங்கே, கந்தோர்கள் அங்கே. மண்முனைப் பாலம் 2014 இல் திறக்கும் வரைக்கும் வருத்தக்காரரை ஏற்றிக்கொண்டு போய்த் துறையில் பாதைக்கு, அதாவது வாவியைக் கடக்கிற மிதவைக்கு, காத்து நின்ற ஆட்கள் நாங்கள். பாதை அந்தக் கரையில் நின்றால் அது திரும்பி வரும் வரைக்கும் வருத்தக்காரரின் முகத்தைப் பார்த்துக்கொண்டு நிற்க வேண்டியதுதான். போர்க் காலத்தில் இடம்பெயர்ந்து அந்தப் பக்கம் போனவர்களில் எத்தனையோ பேர் காணியை இங்கே வைத்துக்கொண்டு குடும்பத்தை அங்கேயே வைத்துவிட்டார்கள். மழையை மட்டும் வைத்துச் சனத்தைக் கணக்குப் பார்க்க முடியாது சேர்.

வாவிக்கரை எழுதியது:

தம்பி கேட்டது நல்ல கேள்வி, பிள்ளைக்கு இது கட்டுரையின் இரண்டாம் பகுதியாகவே உதவும்.

மழையும் மண்ணும் ஓர் இடம் எத்தனை பேரைத் தாங்கும் என்ற உச்ச அளவைத்தான் தீர்மானிக்கும். அந்த அளவுக்குள் ஆட்கள் எங்கே போய்க் குவிவார்கள் என்பதைத் துறைமுகம், பாதை, பாடசாலை, ஆஸ்பத்திரி, சம்பளம், பயம் எல்லாம் சேர்ந்து தீர்மானிக்கும். சீனாவிலும் இந்த இரண்டும் வேறு வேறு கதை. 1935 இல் கோட்டுக்குத் தென்கிழக்கே இருந்த சனம் பெரும்பாலும் கிராமத்துச் சனம், வயலோடு வயலாகப் பரந்து கிடந்தது. 2020 இல் நாட்டில் 64 வீதமானோர் நகரவாசிகள். கோட்டுக்கு அந்தப் பக்கம் இந்தப் பக்கம் என்ற பங்கு பெரிதாக மாறவில்லை. ஆனால் தென்கிழக்குக்குள்ளே எல்லாம் தலைகீழாகிவிட்டது. கோட்டை மட்டும் எழுதிவிட்டு நிறுத்தினால் பாதிப் புள்ளிதான் கிடைக்கும்.

கடைத்தெரு_நானா எழுதியது:

அஸ்ஸலாமு அலைக்கும். பாடப்புத்தகம் எனக்குத் தெரியாது, தென்சீனத்துக் குவாங்சோ நகரம் தெரியும். துணி எடுக்கக் காத்தான்குடியிலிருந்து போய்வருகிற ஆட்களில் நானும் ஒருவன். சேர் சொன்ன இரண்டாம் கதையைக் கண்ணால் கண்டதால் எழுதுகிறேன்.

குவாங்சோவில் சோங்டா துணிச் சந்தை என்று ஒன்று இருக்கிறது. மலை மாதிரித் துணி. அந்தச் சந்தையை ஒட்டிக் கங்லே என்று ஓர் இடம். பெயருக்கு அது கிராமம், நகரம் வளர்ந்து சுற்றி வளைத்துக்கொண்ட கிராமம். ஐந்தாறு மாடிக் கட்டடங்கள் ஒன்றோடொன்று ஒட்டி நிற்கும். இந்த வீட்டு ஜன்னலால் கையை நீட்டினால் அந்த வீட்டு ஆளுக்குக் கை கொடுக்கலாம். பகலிலும் உள்ளே லைட் போட்டுத்தான் தைப்பார்கள். காலையில் போனால் பாதையின் இரண்டு பக்கமும் சின்னச் சின்ன முதலாளிமார் ஒரு கையில் மாதிரிச் சட்டையும் மறு கையில் விலை எழுதின மட்டையும் பிடித்துக்கொண்டு நிற்பார்கள். தையல்காரர் நடந்து வந்து சட்டையைத் திருப்பித் தையலைப் பார்ப்பார், விலையைப் பார்ப்பார், பிடித்தால் அன்றைக்கு அங்கே வேலை. பிடிக்காவிட்டால் அடுத்த ஆளிடம் போவார்.

அவர்களில் பெரும்பாலானோர் குவாங்சோக்காரர் கிடையாது. ஹூபெய் மாகாணத்து ஆட்கள். ஊரில் வயல் இருக்கிறது, தாய் தகப்பன் இருக்கிறார்கள், பிள்ளையும் அங்கேதான். சீனப் புத்தாண்டு வந்தால் சந்தை வெறிச்சோடிப் போகும். அதற்கு முதலே ஓடரைக் கொடுத்துச் சாமானை ஏற்றிவிட வேண்டும், இல்லாவிட்டால் நமக்கு நோன்புப் பெருநாள் யாவாரம் போச்சு. எங்கள் யாவாரமே அவர்கள் ஊருக்குப் போகிற நாளைப் பார்த்துத்தான் ஓடுகிறது.

அங்கிருந்து கொஞ்சத் தூரத்தில் சென்சென். 1980 இல் விசேட பொருளாதார வலயம் ஆக்கினபோது வயலும் மீன்பிடிக் கிராமங்களுமாக இருந்த இடம். இப்போது ஒன்றே முக்கால் கோடிப் பேர். அந்த இடத்தில் மழை கூடினதாலா சனம் கூடினது? வேலை வந்தது, ஆள் வந்தது.

கல்முனைக்குடியான் எழுதியது:

நானா சொன்னதில் ஒன்று விட்டுப் போயிருக்கிறது. வேலை தானாக வரவில்லை. சென்சென்னை வலயம் என்று அறிவித்தது அரசாங்கம். ஹூபெய்த் தையல்காரரின் பிள்ளை ஏன் ஊரில் இருக்கிறது என்று கேட்டால் அதற்குப் பதிலும் அரசாங்கம்தான்.

அங்கே ஹுகோவ் என்று குடும்பப் பதிவு முறை ஒன்று இருக்கிறது. 1958 இல் சட்டமானது. நீங்கள் எந்த ஊரில் பதிவோ அந்த ஊரில்தான் பிள்ளைக்குப் பாடசாலை, மருத்துவ உதவி, ஓய்வூதியம் எல்லாம் இலகுவாகக் கிடைக்கும். ஒரு காலத்தில் பதிவில்லாத ஊரில் ரேசன் அரிசியும் இல்லை, ஆகவே யாரும் அசைய முடியாது. எண்பதுகளுக்குப் பிறகு அசைய விட்டார்கள், ஆனால் பதிவை மாற்றிக்கொடுக்கவில்லை. 2020 தொகைமதிப்பில் இப்படிப் பதிவு ஓர் ஊர், வாழ்வது வேறோர் ஊர் என்று இருந்தவர்கள், ஒரே நகரத்துக்குள் இடம் மாறினவர்களை விட்டுவிட்டாலும், 37 கோடியே 60 இலட்சம் பேர். ஒரு நாட்டுக்குள்ளே! சின்ன நகரங்களில் இப்போது பதிவு இலகுவாகிவிட்டது. பெய்ஜிங், ஷாங்காய் போன்ற மிகப் பெரிய நகரங்கள்தான் கதவை இறுக்கிப் பிடித்திருக்கின்றன. ஷாங்காய் 2035 வரைக்கும் இரண்டரைக் கோடியைத் தாண்டக் கூடாது என்று திட்டத்திலேயே எழுதி வைத்திருக்கிறார்கள்.

நம்ம மாவட்டத்தையே எடுங்கள். 1949 இல் கல்லோயாத் திட்டம் தொடங்கி, இங்கினியாகலையில் அணை கட்டி, வெளி மாவட்டத்து ஆட்களைக் கொண்டுவந்து குடியேற்றினார்கள். 1961 இல் மட்டக்களப்பிலிருந்து பிரித்து அம்பாறை மாவட்டம் வந்தது. அதன் அரசியலைப் பேச வேறோர் இழை வேண்டும், அதன் வலி இன்னும் ஆறவில்லை. இங்கே நான் சொல்ல வருவது, எந்தப் பக்கம் எத்தனை பேர் என்பதை ஒரு திட்டம் ஒரு தலைமுறைக்குள் மாற்றிவிட்டது. சேர், இயற்கைக்கு நீங்கள் கொடுக்கிற இடம் அதிகம் என்று நினைக்கிறேன்.

வாவிக்கரை எழுதியது:

தம்பி, கல்லோயா என் பக்கத்துக்குத்தான் சாட்சி சொல்கிறது. அரசாங்கம் ஆட்களைக் கொண்டுவந்தது, சரி. எங்கே கொண்டுவந்தது? முதலில் அணையைக் கட்டித் தண்ணீரைத் தேக்கி, வாய்க்கால் வெட்டின பிறகு, அந்த வாய்க்கால் வழியே.

சீனாவின் வடமேற்கிலும் இதுதான் நடந்தது. 1954 இல் சின்ஜியாங்கில் உற்பத்தி, கட்டுமானப் படையணி என்று ஒன்றை நிறுவி, கிழக்கிலிருந்து ஆட்களைக் கொண்டுபோய்ப் பண்ணைகளில் குடியேற்றினார்கள். 1953 இல் 50 இலட்சத்துக்கும் குறைவாக இருந்த சின்ஜியாங் 2020 இல் 2 கோடி 58 இலட்சம். எவ்வளவு பெரிய மாற்றம்! அப்படியிருந்தும் படத்தைப் பாருங்கள். அந்தச் சனம் தக்லமகான் பாலைவனத்தின் விளிம்பிலும் தியான்சான் மலையடிவாரத்திலும், பனி உருகி ஆறு இறங்குகிற இடங்களில் மட்டும் மாலைபோலக் கோர்த்து நிற்கிறது. நடுவில் வெறுமை. 2014 இல் அப்போதைய பிரதமர் லீ கச்சியாங், இந்தக் கோட்டை எப்படித் தாண்டுவது, மேற்கு மக்களும் தங்கள் வாசலிலேயே நவீன வாழ்வைக் காண என்ன வழி என்று அறிஞர்களிடம் பகிரங்கமாகவே கேட்டார். அவ்வளவு பணமும் அதிகாரமும் உள்ள அரசாங்கத்துக்கே அது கேள்வியாகத்தான் நிற்கிறது.

கல்முனைக்குடியான் எழுதியது:

அணை கட்டுவதா வேண்டாமா என்று தீர்மானிப்பது மழை இல்லையே சேர். இதில் நாம் ஒத்துப்போக மாட்டோம், பரவாயில்லை.

தங்கை, ஒன்றைக் குறித்துக்கொள். உலகத்தின் மிகப் பெரிய நகரம் சொங்சிங், 3 கோடி 20 இலட்சம் பேர் என்று நிறைய இடத்தில் எழுதியிருப்பார்கள். அதை அப்படியே எழுதாதே. சொங்சிங் மாநகரம் என்று 1997 இல் சிச்சுவானிலிருந்து பிரித்தெடுத்த நிலத்தின் பரப்பு 82 ஆயிரம் சதுர கிலோமீற்றர். முழு இலங்கையும் அதற்குள் அடங்கி மீதி இருக்கும். உள்ளே மலை, வயல், கிராமம் எல்லாம் உண்டு. நகரம் என்று எல்லை கீறினால் எல்லாம் நகரம் ஆகிவிடுமா? எல்லையை எங்கே கீறுகிறோம் என்பதில்தான் பாதி எண் இருக்கிறது. நம் பக்கமும் அப்படித்தான். அம்பாறை மாவட்டச் சராசரியைப் பார்த்தால் விசாலமாக இருக்கும். சாய்ந்தமருதில் வந்து நின்று பார், கிழக்கே கடல், மேற்கே வயல், நடுவில் இருக்கிற துண்டில் சுவரோடு சுவர் ஒட்டின வீடுகள். சுனாமிக்குப் பிறகு கரையிலிருந்து 200 மீற்றர் தள்ளிப் போங்கள் என்றார்கள். தள்ளிப் போக எங்கே நிலம்?

தூரத்து_மட்டக்களப்பான் எழுதியது:

ஸ்காபரோவிலிருந்து. கனடாவை எடுத்தாலும் இதே கதைதான் பிள்ளை, இன்னும் கூர்மையாக. 2021 கணக்கில் 3 கோடி 70 இலட்சம் பேர். ரொறன்ரோ, மொன்றியல், வன்கூவர், ஒட்டாவா, கல்கரி, எட்மன்டன் ஆகிய ஆறு பெருநகரப் பகுதிகளில் மட்டும் ஏறக்குறையப் பாதிப் பேர். வடக்கே நூனவுட் என்ற ஆள்புலம் 20 இலட்சம் சதுர கிலோமீற்றர், இலங்கையைப் போல் முப்பது மடங்கு. அங்கே இருப்பது 37 ஆயிரம் பேர். நானாவின் காத்தான்குடியில் அதைவிடக் கூட.

மருந்துப்பெட்டி எழுதியது:

நான் ஹார்பினில் மருத்துவம் படித்தவள், ஊர் ஆரையம்பதி. கோட்டுக்குத் தென்கிழக்கே இருந்தால் சனம் கூடும் என்று யாரும் நினைத்துவிடக் கூடாது. ஹார்பின் தென்கிழக்குப் பக்கம்தான். கறுப்பு மண், அருமையான விளைச்சல். ஆனால் அந்த ஹெய்லோங்ஜியாங் மாகாணம் 2010 க்கும் 2020 க்கும் இடையில் 60 இலட்சத்துக்கு மேல் சனத்தை இழந்தது. நம் மட்டக்களப்பு மாவட்டத்துச் சனத்தைப் போல் பன்னிரண்டு மடங்கு, பத்தே வருடத்தில். வடகிழக்கு மாகாணங்கள் மூன்றும் சேர்த்து 1 கோடி 10 இலட்சம் குறைந்தது.

ஒரு காலத்தில் சீனாவின் கனரகத் தொழிலில் பெரும்பங்கு அங்கேதான். எண்ணெய், நிலக்கரி, இரும்பு. தொண்ணூறுகளில் அரச தொழிற்சாலைகளில் ஆட்களை வேலையிலிருந்து நிறுத்தினார்கள். இளையவர்கள் தெற்கே போனார்கள். பிள்ளைப்பேறும் அங்கே மிகக் குறைவு. எங்கள் விடுதியைப் பார்த்துக்கொண்ட அம்மா ஒரு பழைய தொழிற்சாலைக் குடியிருப்பில் இருந்தார். புத்தாண்டுக்கு என்னைக் கூப்பிட்டுச் சாப்பாடு தந்தார். மாடிப்படியில் ஏறும்போது கதவு கதவாகக் காட்டிச் சொல்லிக்கொண்டே வந்தார்: இந்த வீட்டுப் பிள்ளை சென்சென், இந்த வீடு பெய்ஜிங், இது பூட்டி, இதுவும் பூட்டி. அவர் மகனும் சென்சென்தான். மேசையில் எனக்கு வைத்த பாதிச் சாப்பாடு அவனுக்காகச் செய்தது. அவன் அந்த வருடம் வரவில்லை.

வார்டில் வருகிறவர்கள் எல்லோரும் வயதானவர்கள். கூட வருகிறவர்களும் வயதானவர்கள். பரம்பல் என்று எழுதும்போது எத்தனை பேர் என்பதோடு எந்த வயதினர் எங்கே என்பதையும் ஒரு பந்தியாவது எழுதுங்கள். தென் நகரங்களில் இருபது முப்பது வயது, வடகிழக்கில் அறுபது எழுபது.

படுவான்_விவசாயி எழுதியது:

டொக்டர் தங்கச்சி எழுதினதைப் படித்து மனது கனத்துப் போனது. வெட்டு முடிந்த பிறகு எங்கள் ஊர் வீதியில் நடந்தாலும் அதே கிழவர்கள்தான் திண்ணையில் இருப்பார்கள். பெடியன்கள் கட்டாரில் இருப்பார்கள்.

களுதாவளை_மாணவி எழுதியது:

எல்லோருக்கும் மிகவும் நன்றி. இப்படிப் பிரித்து எழுதலாம் என்று நினைக்கிறேன்: முதலில் சராசரி ஏன் போதாது, பிறகு ஹு கோடும் மழையும், பிறகு கோட்டுக்குள்ளே நடந்த இடப்பெயர்வு, சென்சென் ஒரு பக்கம், ஹெய்லோங்ஜியாங் மறு பக்கம். ஹுகோவை எந்த இடத்தில் வைப்பது? இன்னொன்று, நானா சொன்ன தையல்காரரின் பிள்ளை வளர்ந்து பல்கலைக்கழகம் போக வேண்டுமென்றால் எங்கே பரீட்சை எழுதும்? தாய் தகப்பன் இருக்கிற இடத்திலா, ஊரிலா?

வாவிக்கரை எழுதியது:

இடப்பெயர்வுப் பகுதியிலேயே வையுங்கள், சென்சென்னுக்கு அடுத்ததாக. கல்முனைத் தம்பியின் வாதத்தையும் இரண்டு வரியில் எழுதுங்கள், பரீட்சகருக்கு நீங்கள் இரண்டு பக்கமும் பார்த்தது தெரியும். படத்தில் கோட்டைக் கீறி, இரண்டு பக்கமும் நிலத்தின் வீதத்தையும் மக்களின் வீதத்தையும் கட்டாயம் குறியுங்கள். ஜியாங்சு, திபெத், சென்சென்னும் குவாங்சோவும் இருக்கிற குவாங்டொங், ஹெய்லோங்ஜியாங் நான்கையும் பெயரிட்டால் போதும், எல்லா மாகாணத்தையும் போட்டு நிரப்ப வேண்டாம். சொங்சிங்கை நகரப் புள்ளியாக வைக்காதீர்கள்.

மருந்துப்பெட்டி எழுதியது:

பரீட்சைக் கேள்விக்கு: காவ்காவ் என்ற அவர்களின் பல்கலைக்கழக அனுமதிப் பரீட்சையைப் பெரும்பாலும் பதிவுள்ள மாகாணத்தில்தான் எழுத வேண்டும். வேறு இடத்தில் எழுத அனுமதி தருகிற மாகாணங்கள் இப்போது உண்டு, ஆனால் அந்த ஊரில் இத்தனை வருடம் படித்திருக்க வேண்டும், தாய் தகப்பன் காப்புறுதி கட்டியிருக்க வேண்டும் என்று நிபந்தனைகள் நீளும். பெய்ஜிங், ஷாங்காய் இரண்டிலும் இன்னும் கடினம். ஆகவே நகரத்தில் தாய் தகப்பனோடு வளர்கிற பிள்ளைகளையும் பதினான்கு பதினைந்து வயதில் ஊருக்கு அனுப்பிவிடுவார்கள், அங்கே பாட்டியோடு இருந்து படிக்கும். என் வகுப்பில் ஹெனானிலிருந்து வந்த ஒரு தோழி அப்படித்தான் படித்து வந்தவள். குவாங்சோவில் வளர்ந்தவள், பரீட்சைக்காகத் தனக்குப் பேச்சுவழக்கே சரியாகத் தெரியாத ஊருக்குப் போய் மூன்று வருடம் இருந்தாள்.

கடைத்தெரு_நானா எழுதியது:

நான் துணி எடுக்கிற இடத்துப் பொண்ணின் மகனையும் இந்த வருடம்தான் ஹூபெய்க்கு அனுப்பினார்கள். கடையில் அவன் புத்தகம் வைத்துப் படித்த மேசையில் இப்போது பொத்தான் பெட்டி இருக்கிறது. தங்கச்சி, எழுதி முடித்தால் இங்கே போடுங்கள், நாங்களும் படிக்கிறோம்.